பதின்மூன்று குழுக்களின் ஆட்டக்காரர்

"பெரியவனானதும் என்ன ஆகப் போகிறாய்?" என்று மாணவர்களை நோக்கி வினவினால், மருத்துவர், ஆசிரியர், போலீஸ் அதிகாரி என்னும் விடைகளுக்கிடையே "காற்பந்து ஆட்டக்காரர்" என்னும் விடையும் தவறாமல் வருகின்றது. பெற்றோரில் சிலர் இதைக் கேட்டுச் சிரிக்கின்றனர், சிலர் கண்டிக்கின்றனர். "பந்து சோறு போடுமா?" என்பது அவர்தம் கேள்வி. நியாயமான கேள்விதான். ஆனால், இதற்கு விடை கூற முற்படுவோர் பெலே என்றும் மரடோனா என்றும் நம் நாட்டு மொக்தார் டஹாரி என்றும் வானத்து விண்மீன்களைச் சுட்டிக் காட்டிவிடுகின்றனர். விண்மீன்களைக் கொண்டு ஒரு தொழிலின் நிலையை அளக்க இயலுமா? ஒரு தோட்டத்தின் நிலையை அறிய விரும்புவோர் துரை பங்களாவையா பார்ப்பர்? லயத்தையன்றோ பார்த்தல் வேண்டும்!

ஆகவே, பெரும்புகழ் பெறாத ஓர் ஆட்டக்காரரின் தொழில் வாழ்க்கையை இங்கு ஆராய முற்படுகின்றோம். அவர் இங்கிலாந்து நாட்டவர். பெயர் நீல் ரெட்ஃபர்ன். அவர் தம் நாட்டின் தேசியக் குழுவில் ஒருமுறையேனும் இடம் பெற்றவரல்லர். ஆயினும் பதின்மூன்று குழுக்களுக்காக 790 லீக் ஆட்டங்களில் ஆடியவர். இங்கிலாந்தில் மிக அதிகமான லீக் ஆட்டங்களில் ஆடிய கோல் காவலர் பீட்டர் ஷில்டனின் கணக்கு 1,005 என்பதை அறிந்தால், 790 என்பது எத்துணைப் பெரிய எண் என்பது விளங்கும்.

இத்தகைய ஆட்டக்காரரை ஆங்கிலேயர் 'ஜேர்னிமேன்' என்பர். ஜேர்னி என்றால் பயணம் என்று நாம் வகுப்பில் படித்திருக்கின்றோம். ஆதலால், ஊர் ஊராகப் பயணம் செய்பவர் என்றே பொருள் கொள்ளத் தோன்றும். ஆனால் இச்சொல்லின் வேர் வேறு. பிரெஞ்சு மொழியில் 'ஜுர்னே' என்றால் ஒரு நாள். ஒரு நாளைய வேலை என்றும் பொருள்படும். முற்காலத்து ஐரோப்பாவில் தச்சு, கொல்லு முதலிய தொழில்களைக் கற்போர் ஓர் ஆசானிடம் பல்லாண்டு பயிற்சி பெறுவர். பயிற்சியை முடித்தும் சொந்தமாகப் பட்டறை வைக்க வசதியில்லாதவர், பிறர் பட்டறையில் நாட்கூலிக்கு வேலை செய்வர். அவரே ஜேர்னிமேன். தொழில் அவருக்குத் தெரியும். பட்டறை மட்டும் அவருடையதன்று. நம் தோட்டத்துப் பெரியவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை. பத்திரிகைகள் இச்சொல்லைச் சற்று ஏளனமாகவே பயன்படுத்துகின்றன. அந்த ஏளனம் நமக்கு உடன்பாடன்று.

இனி, அவர் ஆடிய இடத்தைப் பற்றிச் சிறிது அறிவோம். மத்தியத் திடல் ஆட்டக்காரர் என்பவர், தற்காப்பு ஆட்டக்காரருக்கும் தாக்குதல் ஆட்டக்காரருக்கும் இடையில் நிற்பவர். 'நிற்பவர்' என்று எழுதிவிட்டோம். உண்மையில் அவர் நிற்பதே இல்லை. தொழில்முறை ஆட்டமொன்றில் இவ்விடத்தில் ஆடுவோர் பத்து முதல் பன்னிரண்டு கிலோமீட்டர் வரை ஓடுகின்றனர் என்பது அளந்து கண்ட உண்மை. அவ்வளவு ஓடியும் பந்து அவர் காலில் இருக்கும் நேரம் சில நிமிடங்களே. மற்ற நேரமெல்லாம் எதிரியின் வழியை அடைப்பதிலும், தம் குழுவினர் பந்தைத் தருவதற்கேற்ற இடத்தில் போய் நிற்பதிலும் கழிகின்றது. கோல் அடித்தவரின் பெயர் மறுநாள் பத்திரிகையில் வரும். அந்தக் கோலுக்கு மூன்று உதைகளுக்கு முன்னால் பந்தைப் பறித்தவரின் பெயர் வராது. மாணவர்கள் அடுத்த முறை திடலுக்குச் செல்லும்போது ஐந்து நிமிடம் பந்தைப் பார்க்காமல், மத்தியத் திடலில் ஆடும் ஒருவரை மட்டும் பார்த்துக்கொண்டிருக்கட்டும். விளையாட்டே வேறாகத் தோன்றும்.

ரெட்ஃபர்ன் 1965ஆம் ஆண்டு ஜூன் மாதம் 20ஆம் நாள், யோர்க்ஷயர் வட்டாரத்து டியூஸ்பரி என்னும் ஊரில் பிறந்தார். பழைய கம்பளித் துணிகளைக் கிழித்துப் பிரித்து, மீண்டும் நூலாக்கி நெய்யும் தொழிலுக்குப் பெயர் பெற்ற ஆலை நகரம் அது. அவருடைய தந்தையாரும் தொழில்முறை ஆட்டக்காரரே. நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட் குழுவில் இளைஞராகப் பயின்ற பின்னர், போல்டன் வாண்டரர்ஸ் குழுவில் அவர் தொழிலைத் தொடங்கினார். அங்கு நிலைக்கவில்லை. 1984இல் லிங்கன் சிட்டி குழுவுக்குச் சென்றார். அது மூன்றாம் பிரிவில் ஆடிய சிறிய குழு.

இங்குப் பிரிவுகளைப் பற்றிக் கூறியாக வேண்டும். இங்கிலாந்தில் 92 தொழில்முறைக் குழுக்கள் நான்கு பிரிவுகளாக ஆடுகின்றன. ஆண்டுதோறும் ஒவ்வொரு பிரிவிலும் முதலிடங்களைப் பெறுவோர் மேலே ஏறுவர். கடைசி இடங்களில் நிற்போர் கீழே இறக்கப்படுவர். நம் வீட்டுப் பரமபதப் பலகையைப் போன்றதே இது. ஆனால் இப்பலகையில் பாம்பின் வாயில் அகப்படுவது காயன்று; குழுவின் வருமானமும் ஆட்டக்காரரின் வேலையும் ஆகும்.

லிங்கன் குழுவில் அவர் இருந்த காலத்தில் ஒரு பெருந்துயரம் நிகழ்ந்தது. 1985ஆம் ஆண்டு மே 11ஆம் நாள், லிங்கன் குழு பிராட்ஃபர்ட் நகரத்துக்கு ஆடச் சென்றிருந்தது. பிராட்ஃபர்ட் சிட்டி குழு மூன்றாம் பிரிவின் வெற்றியாளர். அன்று ஆட்டம் தொடங்குமுன் கிண்ணம் பெற்றுக் கொண்டாடிய நாள். முற்பாதி முடியும் தறுவாயில், மரத்தாலான பழைய பார்வையாளர் கூடத்தில் தீப்பிடித்தது. பலகைகளின் இடுக்கு வழியே பல்லாண்டுகளாக விழுந்து சேர்ந்திருந்த குப்பையில் பற்றிய நெருப்பு, சில நிமிடங்களுக்குள் கூடம் முழுவதையும் எரித்தது. 56 பேர் மாண்டனர். அக்கூடத்தை மாற்றியமைக்க இரும்புச் சட்டங்கள் ஏற்கெனவே வாங்கி வைக்கப்பட்டிருந்தன என்பதை எண்ணும்போது நெஞ்சம் பதைக்கின்றது. அதன் பின்னரே இங்கிலாந்தில் விளையாட்டரங்கப் பாதுகாப்புச் சட்டங்கள் இறுக்கப்பட்டன. அப்போது ரெட்ஃபர்னுக்கு வயது பத்தொன்பது.

லிங்கனுக்காக நூறு ஆட்டங்கள் ஆடி முடித்து, 1986இல் டொன்காஸ்டர் ரோவர்ஸ் குழுவுக்கும், அடுத்த ஆண்டே இலண்டனின் கிரிஸ்டல் பேலஸ் குழுவுக்கும் மாறினார். கிரிஸ்டல் பேலஸ் அவருக்காக 100,000 பவுன் கொடுத்தது. இத்தொகை ஆட்டக்காரரின் கைக்குச் சேர்வதன்று என்பதை மாணவர்கள் மனத்தில் இருத்த வேண்டும். வாங்கும் குழு விற்கும் குழுவுக்குக் கொடுக்கும் மாற்றுத் தொகை அது. ஆட்டக்காரருக்குக் கிடைப்பது ஒப்பந்தப்படி அமைந்த சம்பளம்.

முற்காலத்தில் ஆட்டக்காரரின் நிலை இதனினும் இழிந்ததாக இருந்தது. ஒப்பந்தம் முடிந்த பின்னும் குழு அவரை விடாமல் வைத்திருக்கலாம். சம்பளம் கொடுக்காமலும் வைத்திருக்கலாம். அவர் வேறு குழுவுக்கு ஆட இயலாது. சம்பளத்துக்கும் உச்சவரம்பு இருந்தது. 1961ஆம் ஆண்டின் தொடக்கம் வரை, எத்துணைப் பெரிய வீரராயினும் வாரத்துக்கு 20 பவுனுக்கு மேல் பெற முடியாது. 1907இல் மான்செஸ்டர் நகரில் தோன்றிய ஆட்டக்காரர் சங்கம் வேலை நிறுத்தம் செய்யப் போவதாக அறிவித்த பின்னரே அவ்வரம்பு நீங்கியது. அப்போது சங்கத் தலைவராக இருந்தவர் ஜிம்மி ஹில். ஜார்ஜ் ஈஸ்தம் என்னும் ஆட்டக்காரர் நியூகாசல் குழுவை விட்டு விலக விரும்பியபோது, குழு அவரை விட மறுத்தது. அவர் பந்தை விட்டுவிட்டு, நண்பர் ஒருவரிடம் கார்க் விற்கும் வேலையில் சேர்ந்தார்! பின்னர் அவர் தொடுத்த வழக்கில், இம்முறை ஒருவரின் தொழில் உரிமையைத் தடுப்பதாகும் என்று 1963இல் நீதிபதி வில்பர்ஃபோர்ஸ் தீர்ப்பளித்தார். ஒப்பந்தம் முடிந்தவர் மாற்றுத் தொகையின்றியே வேறு குழுவில் சேரலாம் என்னும் முழு உரிமையோ, 1995 டிசம்பரில் ஐரோப்பிய நீதிமன்றம் அளித்த தீர்ப்பால்தான் வந்தது. அவ்வழக்கைத் தொடுத்தவர் பெல்ஜியத்து ஆட்டக்காரர் போஸ்மன். அவரும் மத்தியத் திடலில் ஆடிய, அதிகம் பேசப்படாத ஒருவரே. சங்கத்தின் அருமையைத் தோட்டத்தில் அறிந்தவர்கள் இச்செய்திகளை எளிதில் விளங்கிக்கொள்வர்.

மீண்டும் ரெட்ஃபர்னிடம் வருவோம். 1988 நவம்பரில் அவர் கிரிஸ்டல் பேலஸை விட்டு வாட்ஃபர்ட் குழுவுக்குச் சென்றார். அந்தப் பருவத்தின் இறுதியிலேயே கிரிஸ்டல் பேலஸ் முதற்பிரிவுக்கு உயர்ந்தது. ஏணியில் ஏறியபோது அவர் அங்கில்லை. 1990இன் தொடக்கத்தில் ஓல்டம் அத்லெட்டிக் குழுவில் சேர்ந்தார். ஓல்டம் பருத்தி ஆலைகளுக்குப் பெயர் பெற்றிருந்த ஊர்; அதன் திடலில் அந்நாளில் செயற்கைப் புல் விரிக்கப்பட்டிருந்தது.

1991ஆம் ஆண்டு மே 11ஆம் நாள். பிராட்ஃபர்ட் தீ விபத்து நிகழ்ந்து சரியாக ஆறு ஆண்டுகள் கழிந்திருந்தன. இரண்டாம் பிரிவின் கடைசி ஆட்டத்தில் ஓல்டம், ஷெஃபீல்டு வெட்னஸ்டே குழுவைச் சந்தித்தது. முதற்பிரிவுக்கு உயர்வது ஏற்கெனவே உறுதியாகிவிட்டது. வெற்றியாளர் பட்டமே எஞ்சியிருந்தது. வென்றால்தான் பட்டம். ஆனால் ஓல்டம் இரண்டு கோல்கள் பின்தங்கிவிட்டது. இலண்டனில் வெஸ்ட் ஹாம் குழுவினர் தம் கடைசி ஆட்டத்தில் தோற்றபோதிலும், பட்டம் தமக்கே என்று எண்ணியிருந்தனர். ஓல்டம் ஒரு கோலைத் திருப்பியது, இன்னொன்றையும் திருப்பியது. ஆட்டத்தின் கூடுதல் நேரத்தில் அதற்கு ஒரு பினால்டி கிடைத்தது. பந்தை எடுத்து வைத்தவர் ரெட்ஃபர்ன். அவர் அதைக் கோலாக்கினார். ஓல்டம் 88 புள்ளிகள். வெஸ்ட் ஹாம் 87 புள்ளிகள். ரசிகர்கள் திடலுக்குள் பாய்ந்தனர்.

ஒரு குழுவுக்குப் பட்டத்தை வாங்கிக் கொடுத்தவரை அக்குழு தலைமேல் வைத்துக் கொண்டாடும் என்றுதானே நினைப்போம்? முதற்பிரிவில் புதிய பருவம் தொடங்கி ஒரு மாதம் ஆவதற்குள், 1991 செப்டம்பரில் அவர் 150,000 பவுனுக்குப் பார்ன்ஸ்லி குழுவுக்கு விற்கப்பட்டார். ஓல்டம் மேற்பிரிவில் ஆடிற்று. ஏற்றிவிட்டவர் மீண்டும் இரண்டாம் பிரிவில் ஆடினார். வயது இருபத்தாறு. ஏழாவது குழு.

இக்காலத்தில் பெரும் ஆட்டக்காரர்களின் வருமானத்தைக் கேட்டு வியக்கின்றோம். கீழ்ப்பிரிவுகளில் ஆடுவோரின் ஒப்பந்தங்களோ பெரும்பாலும் ஓராண்டு அல்லது ஈராண்டுக்கே. ஒவ்வோர் ஆண்டும் மே மாதத்தில், அடுத்த பருவத்துக்கு வைத்துக்கொள்ளப்படுவோர் யார், விடப்படுவோர் யார் என்னும் பட்டியலைக் குழுக்கள் வெளியிடுகின்றன. அப்பட்டியலில் பெயரில்லாதவர் வீட்டில் அன்றிரவு என்ன பேசியிருப்பர் என்பதைத் தோட்டம் விற்கப்பட்டுப் புது இடம் தேடிப் போன குடும்பங்கள் நன்கறியும். வீடு மாற வேண்டும். பிள்ளைகளுக்குப் பள்ளி மாற வேண்டும். முழங்காலில் ஓர் அடி பட்டால் அடுத்த ஒப்பந்தமே இல்லாமற் போகலாம்.

பார்ன்ஸ்லி, நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளரின் ஊர். 1984 மார்ச் முதல் 1985 மார்ச் வரை ஓராண்டுக் காலம் நீடித்த சுரங்கத் தொழிலாளர் வேலை நிறுத்தத்தில் பெரும் துன்பத்தைக் கண்ட ஊர். ரெட்ஃபர்ன் அங்கு ஆடிய ஆண்டுகளில்தான் சுற்றுவட்டாரத்துச் சுரங்கங்கள் மூடப்பட்டன. கிரைம்தார்ப் சுரங்கம் 1993இல் மூடப்பட்டது. தலைமுறை தலைமுறையாகச் செய்த தொழில் கண்முன்னே மறைவதைக் கண்ட மக்களுக்கு, சனிக்கிழமை ஆட்டம் ஒன்றே பெருமையாக எஞ்சியிருந்தது. இக்குழுவில்தான் அவருக்கு வேர் பிடித்தது. ஏழு பருவங்கள், 292 லீக் ஆட்டங்கள், 71 கோல்கள். குழுத் தலைவராகவும் ஆனார். மத்தியத் திடலிலிருந்து இத்தனை கோல்கள் அடிப்பது எளிதன்று. பினால்டிகள் அவருடைய பொறுப்பு. தொலைவிலிருந்து வலுவாக உதைப்பதும் அவருடைய ஆற்றல்.

1887இல் தொடங்கப்பெற்ற பார்ன்ஸ்லி குழு, நூறாண்டுகளுக்கு மேலாகியும் நாட்டின் தலைப்பிரிவை எட்டியதே இல்லை. 1997ஆம் ஆண்டு ஏப்ரல் 26ஆம் நாள் பிராட்ஃபர்ட் சிட்டி குழுவை 2-0 என வென்று, முதன்முறையாகப் பிரிமியர் லீக்குக்கு உயர்ந்தது. டேனி வில்சன் அதன் நிர்வாகி, ரெட்ஃபர்ன் தலைவர். அதே ஆண்டு ஆகஸ்டு 9ஆம் நாள், வெஸ்ட் ஹாம் குழுவுடன் பார்ன்ஸ்லியின் முதல் பிரிமியர் லீக் ஆட்டம் நடைபெற்றது. பார்ன்ஸ்லியின் முதல் கோலை ரெட்ஃபர்னே அடித்தார். தலைப்பிரிவில் அவருக்கு அதுவே முதல் ஆட்டம். வயது முப்பத்திரண்டு. பல ஆட்டக்காரர்கள் காலணியைக் கழற்றி மாட்டிவிடும் வயது!

அந்த ஆட்டத்தில் பார்ன்ஸ்லி 1-2 எனத் தோற்றது. தோல்விகள் தொடர்ந்தன. செல்சி ஆறு கோல்கள் போட்டது. மான்செஸ்டர் யுனைட்டட் ஏழு கோல்கள் போட்டது. பார்ன்ஸ்லி இரண்டிலும் ஒரு கோல்கூட அடிக்கவில்லை. ஆனால் நவம்பரில், லிவர்பூலை அதன் சொந்தத் திடலிலேயே 1-0 என வென்றது. ஏழு கோல்கள் போட்ட அதே மான்செஸ்டர் யுனைட்டட் குழுவை, 1998 பிப்ரவரியில் எஃப்.ஏ. கிண்ண மறு ஆட்டத்தில் 3-2 என வீழ்த்தியது. பருவம் முடிந்தபோது பார்ன்ஸ்லி பத்தொன்பதாம் இடத்தில் நின்று கீழே இறங்கியது. குழுத் தலைவர் அந்தப் பருவத்தில் அடித்த லீக் கோல்கள் பத்து. தோற்ற குழுவில் பத்துக் கோல் அடிப்பதன் எடையை, வென்ற குழுவில் இருபது கோல் அடிப்பதோடு ஒப்பிட்டுப் பார்த்தல் தகும் என்பது நம் கருத்து.

அந்த ஒரு பருவம் அவர் விலையை உயர்த்தியது. முப்பத்து மூன்று வயதில், சார்ல்டன் அத்லெட்டிக் குழு அவருக்காகப் பத்து இலட்சம் பவுன் கொடுத்தது. பதினொராண்டுகளுக்கு முன் கிரிஸ்டல் பேலஸ் கொடுத்ததைப் போல் பத்து மடங்கு. சார்ல்டனும் அடுத்த ஆண்டே பிரிமியர் லீக்கிலிருந்து இறங்கியது. 1999இல் 250,000 பவுனுக்கு அவரை வாங்கிய குழு எது தெரியுமா? பிராட்ஃபர்ட் சிட்டி. பதினான்கு ஆண்டுகளுக்கு முன் தீ எரித்த அதே வேலி பரேட் திடல், புதிதாகக் கட்டப்பட்டு, இப்போது அவருடைய சொந்தத் திடலாயிற்று. அங்கும் பருவம் முழுவதும் இருக்கவில்லை. 2000 மார்ச்சில் விகன், 2001இல் ஹாலிபக்ஸ், 2002இல் பாஸ்டன் யுனைட்டட், 2004இல் ராச்டேல். ஏணியில் மெதுவாக ஏறியவர், படிப்படியாக இறங்கினார். ஆனாலும் ஆடினார். பாஸ்டன் குழுவில் முப்பத்தேழு, முப்பத்தெட்டு வயதில் 54 லீக் ஆட்டங்கள், 12 கோல்கள். நாலாம் பிரிவில், மழையிலும் குளிரிலும், சில ஆயிரம் பேர் முன்னிலையில் அடித்த கோல்கள் அவை. ராச்டேலுடன் லீக் ஆட்டங்கள் முடிந்த பிறகும், லீக்குக்கு வெளியே உள்ள சிறு குழுக்களில் தொடர்ந்து ஆடினார். லீக் கோல்களின் மொத்தம் 150ஐத் தாண்டியது.

'பந்து சோறு போடுமா?' என்று கேட்ட பெற்றோருக்கு இவ்வாழ்க்கை ஒரு விடை தருகின்றது: போடும், ஆனால் ஒவ்வோர் ஆண்டும் உலை வைத்துப் பார்த்தால்தான் தெரியும். இங்கிலாந்தில் குழுக்களின் பயிற்சிக் கூடங்களில் சேரும் சிறுவர்களில் மிகப் பலர், ஒரு லீக் ஆட்டம்கூட ஆடாமலே அனுப்பப்படுகின்றனர். ஆகவேதான் அக்கூடங்களில் சேர்ந்த இளைஞர்கள் பந்துப் பயிற்சியோடு படிப்பையும் தொடர வேண்டும் என்று விதித்திருக்கின்றனர். நம் மாணவர்கள் மாலையில் திடலில் ஓடட்டும். யாரும் தடுக்க வேண்டாம். இரவில் புத்தகத்தைத் திறக்காததற்குப் பந்தைக் காரணம் காட்டாதிருந்தால் போதும்.

ஆட்டத்தை விட்ட பின் ரெட்ஃபர்ன் பயிற்றுநரானார். லீட்ஸ் யுனைட்டட் குழுவின் இளைஞர் பயிற்சிக் கூடத்தில் பல ஆண்டுகள் பணியாற்றி, 2014 நவம்பரில் அக்குழுவின் தலைமைப் பயிற்றுநராக அமர்ந்தார். கூடத்தில் தம்மிடம் பயின்ற இளைஞர்களுக்கு முதற்குழுவில் இடம் கொடுத்தார். 2015 ஏப்ரலில் பத்தொன்பது வயது இளைஞர் ஒருவரை முதன்முறையாக லீக் ஆட்டத்தில் இறக்கினார். லீட்ஸ் நகரத்துப் பிள்ளையான அவர் பெயர் கெல்வின் பிலிப்ஸ். மத்தியத் திடல் ஆட்டக்காரர். அடுத்த மாதமே தலைமைப் பயிற்றுநர் பதவி வேறொருவருக்குக் கொடுக்கப்பட்டது. ஆறு ஆண்டுகள் கழித்து, 2021 ஜூலையில், ஐரோப்பியக் கிண்ண இறுதியாட்டத்தில் இத்தாலிக்கு எதிராக இங்கிலாந்துக் குழுவின் மத்தியத் திடலில் ஓடியவர்களுள் ஒருவர் அந்தப் பிலிப்ஸ்.